முதலில் அந்த நாற்பது பக்கத்தைப் படியுங்கள்

கேள்வி: அம்மா, நான் 31 வருடமாக சிவில் கேஸ் பார்க்கும் வக்கீல், தஞ்சாவூர்ப் பக்கம். வீட்டு முன்னறைதான் ஆபீஸ். ஒரே மகள். சென்னையில் சட்டம் முடித்துவிட்டு நியூயார்க்கில் மேல்படிப்பு படிக்கிறாள். பேங்க் லோன் போதாமல் கொஞ்சம் நிலத்தையும் விற்றுப் பணம் கட்டினேன். இப்போது பெரிய கம்பெனி வேலையை வேண்டாம் என்று சொல்லிவிட்டு, அங்கேயே குடும்ப நீதிமன்றத்தில் ஏழைப் பிள்ளைகளுக்காக வாதாடும் ஓர் அமைப்பில் சேரப் போகிறேன் என்கிறாள். சம்பளம் பாதிகூட வராது. குடி, அடிதடி, விவாகரத்து என்று நாள் முழுக்க அசிங்கத்தைக் கேட்கிற வேலை ஒரு பெண்ணுக்கு எதற்கு? வரன் வீட்டில் என்ன சொல்வது? படிப்புக்காக யாரோ ஒரு கறுப்பின நீதிபதி அம்மாவைப் பற்றி 40 பக்கக் கட்டுரை எழுதி எனக்கு அனுப்பினாள். பிரிண்ட் எடுத்து வைத்தேன், படிக்க நேரமில்லை. அதை எழுதப் போய்த்தான் மனசு மாறிவிட்டது என்கிறாள் என் மனைவி. மகளுக்கு எப்படிப் புத்தி சொல்வது? ஜாதக நகல் இணைத்திருக்கிறேன். (பெயர் வேண்டாம்)

பதில்: வக்கீல் சார், வணக்கம். இதே கடிதம் எனக்கு வருடத்துக்கு நாலைந்து வருகிறது. ஊர் மாறும், படிப்பு மாறும், லோன் தொகை மாறும், மற்றதெல்லாம் அச்சு ஒன்றுதான். எல்லாம் நல்லபடியாக முடியும், கவலைப்படாதீர்கள் என்று நான் எழுத வேண்டும் என்று எதிர்பார்த்திருப்பீர்கள். நல்லபடியாக முடியுமா என்று எனக்கு எப்படித் தெரியும்?

எனக்கு உறுத்தியது ஒரே வரி. "பிரிண்ட் எடுத்து வைத்தேன், படிக்க நேரமில்லை." எங்கே வைத்தீர்கள் சார்? கேஸ் கட்டுகளுக்கு அடியிலா, பஞ்சாங்கத்துக்குப் பக்கத்திலா? எனக்கு முன்னும் பின்னுமாக நாலு பக்கம், அடித்தல் திருத்தல் இல்லாமல், ஓரம் விட்டு எழுத உங்களுக்கு நேரம் இருந்திருக்கிறது. ஜாதகத்தை ஜெராக்ஸ் எடுக்க நேரம் இருந்திருக்கிறது. 31 வருடத்தில் ஒரு கேஸிலாவது எதிர்த்தரப்பு மனுவைப் படிக்காமல் கவுன்டர் போட்டிருக்கிறீர்களா? ஜூனியர் யாராவது அப்படிச் செய்தால் ஆபீஸை விட்டே துரத்தியிருப்பீர்கள். மகள் தன் தரப்பை 40 பக்கத்தில் எழுதி, உங்கள் கைக்கே அனுப்பிவிட்டாள். நீங்கள் அதைப் புரட்டாமல் என்னிடம் எதிர்த்தரப்பைக் கேட்காமலே போடுகிற எக்ஸ்பார்ட்டி ஆர்டர் கேட்டு வந்திருக்கிறீர்கள். கிடைக்காது.

அப்புறம் அந்த "யாரோ". நியூயார்க், குடும்ப நீதிமன்றம், கறுப்பின நீதிபதி அம்மா, இந்த மூன்றையும் சேர்த்தால் எனக்கு ஜேன் போலின் என்ற பெயர்தான் வருகிறது. இங்கே உட்கார்ந்துகொண்டு நான் ஊகிக்கிறேன். கட்டுரை உங்கள் வீட்டில் இருக்கிறது, முதல் பக்கத்தில் பெயர் இருக்கும். என் ஊகம் சரி என்றால், அந்தக் காகிதங்களுக்குள் உங்களைப் போலவே ஒரு வக்கீல் அப்பா உட்கார்ந்திருக்கிறார். அவரைப் பார்த்துப் பேசிவிட்டு அப்புறம் மகளிடம் பேசுங்கள்.

அவர் பெயர் கேயஸ் போலின். நியூயார்க் மாநிலத்தில் பொகிப்ஸி என்கிற சின்ன ஊரில் வக்கீல். வில்லியம்ஸ் கல்லூரியில் பட்டம் வாங்கிய முதல் கறுப்பினத்தவர். நாலு பிள்ளைகளில் கடைக்குட்டி ஜேன், 1908-ல் பிறந்தவர். அவருக்கு எட்டு வயதாகும்போது அம்மா தவறிவிட்டார், அதற்கப்புறம் எல்லாம் அப்பாதான். அப்பா ஆபீஸில், தோல் அட்டை போட்ட சட்டப் புத்தகங்களைப் பார்த்து ஆசைப்பட்டு வளர்ந்த பெண். வெல்லஸ்லி கல்லூரியில் வகுப்பின் முதல் இருபது பேரில் ஒருவராகத் தேறினார். அங்கே வேலைவாய்ப்பு ஆலோசகர் சொன்னது, கறுப்பினப் பெண்ணுக்குச் சட்டத் துறையில் இடமே இல்லை, வேறு ஏதாவது பார் என்று. சரி, வெளியாள் அப்படித்தான் சொல்வார். வீட்டில் அப்பாவும் ஆரம்பத்தில் கடுமையாக எதிர்த்தார். டீச்சர் ஆவாள் என்று நினைத்திருந்தாராம். வக்கீல்கள் கேட்க வேண்டிய அசிங்கமான விஷயங்கள் ஒரு பெண்ணின் காதில் விழக் கூடாது என்பது அவர் கட்சி. உங்கள் கடிதத்தை இன்னொரு முறை எடுத்துப் பாருங்கள். கிட்டத்தட்ட அதே வார்த்தைகள், நூறு வருடம் கழித்து, தஞ்சாவூரிலிருந்து.

அந்த மனிதர் கெட்டவர் இல்லை. கறுப்பின வக்கீலாக அந்தக் காலத்தில் என்னென்ன பட்டிருப்பார், அதெல்லாம் மகளுக்கு வேண்டாம் என்று நினைத்திருப்பார், அது எனக்கும் புரிகிறது. ஆனால் கறுப்பின மக்களை மரத்தில் தொங்கவிட்டுக் கொன்ற படங்கள் வந்த பத்திரிகையை ஜேன் சின்ன வயதிலேயே பார்த்துவிட்டார். அந்த வடு கடைசிவரை போகவில்லை என்று பிற்காலத்தில் அவரே சொல்லியிருக்கிறார். எந்த அசிங்கத்திலிருந்து அப்பா காப்பாற்ற நினைத்தாரோ அது எப்போதோ உள்ளே வந்தாகிவிட்டது. உங்கள் வீட்டில் மட்டும் என்ன? முன்னறைதான் ஆபீஸ் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். அண்ணன் தம்பி பாகப்பிரிவினைச் சண்டை, சொத்துக்காகப் பெற்ற தாயைத் தெருவில் விட்டவர்கள், ஜீவனாம்சம் கேட்டுப் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு வந்த பெண், இவர்கள் எல்லாம் உங்கள் நடையைத் தாண்டித்தானே போனார்கள். உள்ளறையில் வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருந்தவளுக்குக் காது கேட்காது என்று நினைத்தீர்களா? உங்கள் ஆபீஸில்தான் அவள் முதலில் சட்டம் படித்திருக்கிறாள். நியூயார்க்கில் கட்டிய பணம் சான்றிதழுக்கு.

ஜேன் யேல் சட்டப் பள்ளியில் சேர்ந்து 1931-ல் முடித்தார். அங்கே பட்டம் வாங்கிய முதல் கறுப்பினப் பெண் அவர்தான். பார் தேர்வு எழுதிவிட்டு எங்கே போய்த் தொழில் ஆரம்பித்தார் தெரியுமா? பொகிப்ஸியில், அப்பா ஆபீஸில். எதிர்த்த அதே அப்பா நாற்காலி போட்டுக் கொடுத்திருக்கிறார். இந்த இடத்தில் நீங்கள் கொஞ்ச நேரம் நிற்கலாம்.

1939 ஜூலையில் நியூயார்க் மேயர் லா கார்டியா, உலகக் கண்காட்சி நடந்துகொண்டிருந்த இடத்துக்குக் கணவரோடு வரச் சொல்லி அனுப்பினார். எதற்கு என்று சொல்லவில்லை. நகராட்சியின் சட்டப் பிரிவில் வேலையில் இருந்த ஜேன், ஏதோ புகார் போயிருக்கிறது, திட்டு வாங்கப் போகிறோம் என்று நினைத்துக்கொண்டே போனார். போனால் நீதிபதியாகப் பதவிப் பிரமாணம். வயது 31. அமெரிக்காவின் முதல் கறுப்பினப் பெண் நீதிபதி. அடுத்த இருபது வருடம் நாட்டிலேயே அவர் ஒருவர்தான்.

அவர் உட்கார்ந்தது நீங்கள் அசிங்கம் என்று எழுதுகிற அதே குடும்ப நீதிமன்றத்தில். அங்கே என்ன நடந்தது என்பதை ஒரு வக்கீலுக்கு நான் விளக்க வேண்டாம், ஒன்றே ஒன்று சொல்கிறேன். கறுப்பினக் குடும்பத்தின் மனு வந்தால் முகப்பிலேயே பெரிதாக 'என்' (நீக்ரோ) என்று எழுதுவார்கள். போர்ட்டோ ரிக்கோ குடும்பம் என்றால் 'பிஆர்'. யாரும் கட்டைப் பிரிக்கும் முன்பே அந்தப் பிள்ளை எந்த அதிகாரியிடம் போகும், எந்த விடுதி எடுத்துக்கொள்ளும், எது கதவைச் சாத்தும் என்பதெல்லாம் முடிவாகிவிடும். கறுப்பின நன்னடத்தை அதிகாரிகள் ஓரிருவர்தான், அவர்களும் கறுப்பினக் குடும்பங்களை மட்டும் பார்க்க வேண்டும். போலின் அந்த முறையை மாற்ற வைத்தார். அரசுப் பணம் வாங்கும் காப்பகங்கள் நிறம் பார்த்துப் பிள்ளைகளைத் திருப்பி அனுப்பக் கூடாது என்று கொண்டுவந்தார். பிள்ளைகள் பயப்படக் கூடாது என்பதற்காக அங்கி போடாமல் உட்காருவாராம். எழுபது வயதில் ஓய்வு கட்டாயம் என்பதால் 1978-ல் இறங்கினார், நாற்பது வருடம் ஒரே வேலை. இறங்கியதும் பள்ளிப் பிள்ளைகளுக்கு இலவசமாகப் படிப்பும் கணக்கும் சொல்லிக்கொடுக்கப் போய்விட்டார். இதைத்தான் நீங்கள் "யாரோ" என்று எழுதியிருக்கிறீர்கள்.

குடும்பம் என்ன ஆயிற்று என்று கேட்பீர்கள், நானும் அதைத்தான் முதலில் கேட்பேன், எனக்கு அதில் வெட்கம் இல்லை. 1943-ல் கணவர் இறந்துவிட்டார், கையில் இரண்டு வயதுப் பையன். பயணம் போக ஆசை இருந்தது, போதிய தூக்கமும் கிடைக்கவில்லை, ஆனால் என் முதல் கடமை என் பிள்ளைக்கு, அதனால் நஷ்டம் எனக்கு மட்டும்தான் என்கிற மாதிரி வயதான பிறகு சொல்லியிருக்கிறார். வேலையும் குடும்பமும் என்று பெரிதாகப் பேசுகிறவர்கள் பலரை விட இந்தப் பெண்மணியின் கணக்கு நேர்மையாக இருக்கிறது.

இன்னொருவரையும் சொல்லிவிடுகிறேன், உங்கள் காகிதக்கட்டுக்கு அவர்தான் சரியான பதில். கான்ஸ்டன்ஸ் பேக்கர் மோட்லி. நியூஹேவன் ஊர், பன்னிரண்டு பிள்ளைகளில் ஒன்பதாவது, அப்பா சமையல்காரர். சட்டம் படிக்கிறேன் என்றபோது, முடி அலங்காரம் கற்றுக்கொள்ளேன் என்றார் அம்மா. காசு இல்லை, அம்மாவைக் குறை சொல்ல முடியாது. பதினெட்டு வயது வாக்கில் உள்ளூர்ச் சமூகக்கூடத்தில் ஒரு கூட்டம். கறுப்பின மக்கள் ஏன் இங்கே வருவதில்லை என்று கேட்டார்கள். நிர்வாகத்தில் எங்கள் ஆள் ஒருவர்கூட இல்லையே, எப்படி வருவோம் என்று இந்தப் பெண் எழுந்து சொல்லிவிட்டாள். அந்தக் கூடத்துக்குப் பணம் கொடுத்த பிளேக்ஸ்லி என்ற வெள்ளைக்காரக் கட்டட கான்ட்ராக்டர் அங்கேயே உட்கார்ந்திருந்தார். கோபித்துக்கொள்ளலாம். அவர் அவளைக் கூப்பிட்டு, நீ ஏன் கல்லூரிக்குப் போகவில்லை என்று கேட்டு, சட்டப் படிப்பு முடியும்வரை செலவை ஏற்றுக்கொண்டார். அந்தப் பெண்தான் பள்ளிகளில் நிறப் பிரிவினை செல்லாது என்று தீர்ப்பு வந்த பிரவுன் வழக்கின் முதல் மனுவை எழுதியவர், வெள்ளையருக்கு மட்டும் என்றிருந்த மிசிசிப்பி பல்கலைக்கழகத்துக்குள் 1962-ல் ஜேம்ஸ் மெரிடித் என்ற கறுப்பின மாணவரை வழக்காடிக் கொண்டுபோனவர், அமெரிக்க உச்ச நீதிமன்றத்தில் பத்து வழக்கு வாதாடி ஒன்பது ஜெயித்தவர், 1966-ல் ஃபெடரல், அதாவது மத்திய அரசு நீதிமன்ற நீதிபதியான முதல் கறுப்பினப் பெண். தென்மாநிலக் கோர்ட்டுகளில் திருமதி மோட்லி என்று கூப்பிடக்கூட மனசு வராத வக்கீல்களுக்கு எதிரே நின்று ஜெயித்தவை பல. அந்த கான்ட்ராக்டர் என்ன உறவு? ஒரு பெண் பேசிய பேச்சை முழுசாகக் கேட்டார், அவ்வளவுதான். நீங்களோ அவளைப் பெற்ற அப்பா. நிலத்தை விற்றுப் படிக்க வைத்திருக்கிறீர்கள், அதற்கு உங்களைக் கும்பிடுகிறேன். ஃபீஸ் கட்டிவிட்டால் அப்பாவின் கடமை தீர்ந்தது என்று யார் சொன்னது? பிள்ளை என்ன நினைக்கிறாள் என்று தெரிந்துவைத்திருப்பதும் கடமைதான், அதற்கு லோன்கூட வேண்டாம்.

பணத்தைப் பற்றி நீங்கள் சொன்னதை மட்டும் நான் தள்ளவில்லை. அமெரிக்காவின் முதல் கறுப்பினப் பெண் வக்கீல் சார்லட் ரே, 1872-ல் ஹோவர்ட் பல்கலைக்கழகத்தில் முடித்து வாஷிங்டனில் ஆபீஸ் திறந்தார். கெட்டிக்காரி என்று பெயர் இருந்தது, கட்சிக்காரர்கள் வரவில்லை, சில வருடத்தில் மூடிவிட்டு நியூயார்க்கில் பள்ளி ஆசிரியை ஆனார். மனசு நிறைய லட்சியம் இருந்தாலும் மாதம் பிறந்தால் வாடகை கட்ட வேண்டும். அதனால் லோனை எந்த வருடம், எவ்வளவு, எப்படிக் கட்டப் போகிறாய் என்று ஒரு காகிதத்தில் எழுதி அனுப்பச் சொல்லுங்கள், கேட்க உங்களுக்கு முழு உரிமை உண்டு. அவளும் ஒன்றும் அப்பாவி இல்லை. 40 பக்கத்தை மெயிலில் தள்ளிவிட்டு அப்பா படிப்பார் என்று சும்மா இருந்திருக்கிறாள், கூப்பிட்டு "படிச்சீங்களாப்பா?" என்று ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். இதை நான் சொன்னதாகவே அவளிடம் சொல்லுங்கள்.

வரன் வீட்டுக்கு என்ன சொல்வது என்றால், செய்கிற வேலையைச் சொல்லுங்கள். அதைக் கேட்டு எழுந்து போகிற வீட்டுக்குப் பெண்ணைக் கொடுத்துவிட்டு நாளைக்கு நீங்களே குடும்பக் கோர்ட்டில் வாய்தா வாய்தாவாக ஏறி இறங்குவதை விட இது மேல்.

இந்தச் சனிக்கிழமை கட்சிக்காரர் யாரையும் வரச் சொல்லாதீர்கள். பென்சிலோடு உட்கார்ந்து படியுங்கள், பழக்கப்படி ஓரத்தில் கேள்வி எழுதுங்கள், மனைவிக்கும் ஒரு பிரதி கொடுங்கள், உங்களை விட முன்னாலேயே அவருக்கு விஷயம் புரிந்திருக்கிறது. ஞாயிறு காலை ஏழு மணிக்குக் கூப்பிட்டால் அங்கே சனி இரவுதான், மகள் விழித்திருப்பாள். மூன்றாவது பக்கத்தில் இப்படி எழுதியிருக்கிறாயே என்று ஆரம்பியுங்கள். வேலை, சம்பளம், கல்யாணம் எல்லாம் அடுத்த ஞாயிறு.

ஜாதக நகலைத் தனியே தபாலில் திருப்பி அனுப்பியிருக்கிறேன். எனக்கு அது பார்க்கத் தெரியாது. மறுபடி எழுதினால் கட்டுரையின் நகலை வையுங்கள்.