ஒரே மாத்திரையில் ஏன் இரண்டு பிரஷர் மருந்து?

அப்பாவுக்கு டெல்மிசார்டன் 40, அம்லோடிபின் 5 சேர்ந்த மாத்திரை எழுதியிருக்கிறார்கள், பிரஷர் முற்றிவிட்டதா என்று கேட்டிருக்கிறீர்கள். பயப்படாதீர்கள், அப்படி அர்த்தமில்லை. அம்லோடிபின் ரத்தக்குழாய்ச் சுவரைத் தளர்த்தும். ஆனால் சிலருக்குக் கணுக்கால் வீங்கும். விரலால் அழுத்தினால் குழி விழும். டெல்மிசார்டன், குழாயை இறுக்கும் ஆஞ்சியோடென்சின் என்ற ஹார்மோனின் வேலையைத் தடுக்கும். அந்த வீக்கத்தையும் குறைக்கும். ஒரே மருந்தின் அளவை இரட்டிப்பாக்குவதைவிட, இரண்டைச் சிறிய அளவில் சேர்ப்பதே பெரும்பாலும் நன்றாக வேலை செய்கிறது. 2019-இல் உலக சுகாதார நிறுவனமே இந்த ஜோடியை அத்தியாவசிய மருந்துப் பட்டியலில் சேர்த்தது.

அப்புறம், டெல்மிசார்டன் ஈரத்தை உறிஞ்சும். ஒரு வாரத்துக்கானதை மொத்தமாகப் பிரித்து டப்பாவில் போட வேண்டாம். சாப்பிடும்போது மட்டும் அட்டையிலிருந்து எடுக்கச் சொல்லுங்கள். பிரஷர் இறங்கிவிட்டது என்று அவராகவே மாத்திரையை நிறுத்த மட்டும் விடாதீர்கள்.