சேவ் எடிட்டருக்குப் பணம் கொடுக்கலாமா?

தக்கலை வாசகர்: டயாப்லோ 2 ரிசரக்டட் விளையாட்டில் என் ஆன்லைன் கேரக்டரை சேவ் எடிட்டர் (விளையாட்டில் நம் முன்னேற்றம் பதிவாகும் சேவ் கோப்பைத் திருத்தும் மென்பொருள்) மூலம் 99ஆம் லெவலுக்கு உயர்த்தித் தருவதாகச் சொன்னவருக்கு நேற்று 1,200 ரூபாய் அனுப்பினேன். பாஸ்வேர்டையும் வாங்கிக்கொண்டு என்னை பிளாக் செய்துவிட்டார்.

பதில்: உங்களைக் குறை சொல்ல மாட்டேன், குற்றம் அவருடையது. ஆன்லைன் கேரக்டர் நிறுவனத்தின் சர்வரில் இருக்கிறது. ஆஃப்லைனில் விளையாடும்போது உங்கள் கணினியில் பதிவாகும் சேவ் கோப்பை மட்டுமே எடிட்டரால் மாற்ற முடியும் என்பதால், செய்யவே முடியாத வேலைக்கு அவர் பணம் பறித்திருக்கிறார். உடனே பாஸ்வேர்டை மாற்றுங்கள். யுபிஐ பரிவர்த்தனை எண்ணையும் உரையாடலின் ஸ்கிரீன்ஷாட்டையும் எடுத்துக்கொண்டு 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணை இன்றே அழையுங்கள். பணம் வேறு கணக்குக்குப் போவதற்குள் புகார் சென்றால்தான் அதை முடக்க வழியுண்டு.

குளச்சல் வாசகர்: எல்டன் ரிங் விளையாட்டில் எடிட்டரால் ரூன்களை (அந்த விளையாட்டின் நாணயம்) கூட்டிக்கொண்டு ஆன்லைனில் சென்றேன், தடை விதித்துவிட்டார்கள். விளையாட்டின் விலையைத் திரும்பக் கேட்கலாமா?

பதில்: கேட்க முடியாது. விளையாட்டின் நிபந்தனைகளை ஏற்றுக்கொண்டவர் நீங்கள்தான்.

மார்த்தாண்டம் வாசகர்: "எல்லா ஆர்பிஜிக்கும் (கேரக்டரை வளர்த்து விளையாடும் வகை) ஒரே சேவ் எடிட்டர்" என்று ஒரு கடையில் 500 ரூபாய்க்குப் பென்டிரைவ் வாங்கினேன். ஆன்டிவைரஸை நிறுத்திவிட்டு இயக்கச் சொன்னார்கள். கிரிம் டான் விளையாட்டில் என் கேரக்டர் இப்போது திறக்கவில்லை. பில்லும் தரவில்லை.

பதில்: இந்த வியாபாரத்தை என்னால் பொறுத்துக்கொள்ளவே முடியாது. கிரிம் டானுக்கு ஜிடி ஸ்டாஷ், டைட்டன் குவெஸ்ட் விளையாட்டுக்கு டிக்யூ வால்ட் என்று எடிட்டர்களை ரசிகர்கள் உழைத்து இலவசமாகவே கொடுக்கிறார்கள். வடசேரியில் நானும் ஒருமுறை இப்படியொரு வட்டை வாங்கியிருக்கிறேன். உள்ளே இருந்தவை அத்தனையும் இலவசக் கருவிகள், விளக்கக் கோப்பில் மட்டும் எழுதியவரின் பெயரை நீக்கிவிட்டுக் கடையின் தொலைபேசி எண்ணைச் சேர்த்திருந்தார்கள். ஒவ்வொரு விளையாட்டும் சேவ் கோப்பைத் தனக்கென்று ஒரு முறையில் எழுதுகிறது. டயாப்லோ 2 கோப்பில் செக்சம் என்ற சரிபார்ப்பு எண் உண்டு. உள்ளே ஓர் எண்ணை மாற்றிவிட்டு அதைத் திரும்பக் கணக்கிட்டு எழுதாவிட்டால் விளையாட்டு அந்தக் கோப்பை ஏற்காது. எல்லாவற்றுக்கும் ஒரே எடிட்டர் என்பவரை எப்படி நம்பினீர்கள்? ஆன்டிவைரஸை நிறுத்தச் சொன்னபோதாவது எழுந்து வந்திருக்க வேண்டாமா?

இனி அந்தப் பென்டிரைவைச் செருகாதீர்கள். கணினியை முழுவதும் ஸ்கேன் செய்யுங்கள். பாஸ்வேர்டுகளை வேறு கருவியிலிருந்து மாற்றுங்கள். பில் தர மறுப்பது 2019ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி முறையற்ற வணிக நடைமுறை. 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் புகார் செய்யுங்கள். பயனில்லையென்றால் 2 ஆண்டுகளுக்குள் நாகர்கோவிலில் உள்ள மாவட்ட நுகர்வோர் ஆணையத்தை அணுகலாம். 5 லட்சம் ரூபாய் வரையிலான பொருளுக்குக் கட்டணம் இல்லை, வழக்கறிஞரும் கட்டாயமில்லை.

கருங்கல் வாசகி: என் மகன் ஆஃப்லைனில் மட்டுமே எடிட்டர் பயன்படுத்துகிறான். தடுக்க வேண்டுமா?

பதில்: வேண்டாம் அம்மா. அதனால் வேறு யாருக்கும் நஷ்டமில்லை. மாற்றுவதற்கு முன் சேவ் கோப்புகள் உள்ள ஃபோல்டரை அப்படியே வேறிடத்தில் நகலெடுத்து வைக்கச் சொல்லுங்கள். எடிட்டரை அதை உருவாக்கியவரின் பக்கத்திலிருந்து மட்டும் இறக்கிக்கொள்ளட்டும்.