ஒரு ஸ்பிரிங் மாட்டினதுக்கு பேட்டன்ட் கிடைக்குமா?

கேள்வி: தகடு வெட்டுற கை லீவர் மெஷின்ல ஒரு ஸ்பிரிங் மாட்டினேன், வெட்டினதும் கைப்பிடி தானா மேல வந்துடுது. ஸ்பிரிங்க சாய்வா மாட்டினா வெட்டின ஓரத்துல பிசிறும் குறையுது. சின்ன மாத்தம், பேட்டன்ட்லாம் தர மாட்டாங்கனு சொல்றாங்க, நிஜமா? யூடியூப்ல வீடியோ போடலாமா?

பதில்: வீடியோ இப்ப வேண்டவே வேண்டாம் சார். அப்ளிகேஷன் போடறதுக்கு முன்னாடி விஷயம் வெளிய வந்துட்டா அது புதுசு இல்லனு ஆயிடும், வெளியிட்டது நீங்களே ஆனாலும் அதேதான், நம்ம சட்டத்துல இதுக்கு இருக்கற விதிவிலக்கு ரொம்ப குறுகலானது. மெஷின யாருக்காவது வித்தாலும் இதே சிக்கல்தான்.

சின்ன மாத்தம்ங்கற ஒரே காரணத்துக்காக தள்ள முடியாது. 1970 பேட்டன்ட் சட்டம் புதுசா இருக்கா, தொழில்ல பயன்படுமா, அந்த வேலை தெரிஞ்சவருக்கு சட்டுனு தோணாத ஒரு படி அதுல இருக்கானுதான் பாக்குது. பெரும்பாலும் அடி வாங்கறது இந்த மூணாவதுல. பாத்திரத்த லேத்ல பிடிச்சு கடையறதுக்கான ஒரு அமைப்புக்கு வாங்கின பேட்டன்ட் சுப்ரீம் கோர்ட் வரைக்கும் போய் 1978ல நிக்காம போச்சு. ஏற்கனவே இருக்கறத மேம்படுத்தினா அது வெறும் பட்டறை மாத்தத்த விட கூடுதலா ஏதாவது இருக்கணும்னு கோர்ட் சொன்னத இன்னைக்கும் அப்ளிகேஷன பரிசீலிக்கற பேட்டன்ட் ஆபீஸ் எக்ஸாமினருங்க எடுத்துக் காட்றாங்க.

அதனால கைப்பிடி திரும்பி வருதுங்கறத மட்டும் வெச்சு கேட்டா கிடைக்காது, ஸ்பிரிங்னா அதத்தான் செய்யும்னு எல்லாருக்கும் தெரியும். தெரிஞ்ச பாகங்கள சேத்து வெச்சு ஒவ்வொண்ணும் தன் பழைய வேலையவே தனித்தனியா செஞ்சா அது கண்டுபிடிப்பே இல்லனு 3(எஃப்) பிரிவும் சொல்லுது.

ஆனா அந்த பிசிறு விஷயம் எனக்கு ரொம்ப முக்கியமா படுது. சாய்வா இருக்கற ஸ்பிரிங் மேல் பிளேட கீழ் பிளேடோட பக்கவாட்டுல அழுத்தி இடைவெளிய குறைக்குதுனா ஒரே ஸ்பிரிங் ரெண்டு வேலை செய்யுது, பாகங்கள் ஒண்ணோட ஒண்ணு சேந்து வேலை செய்யுதுனு நாம வாதாடலாம். கத்தரிக்கோல்லயே ரெண்டு பிளேடும் உரசித்தானே வெட்டுதுனு எக்ஸாமினர் கட்டாயம் கேப்பார். அதுக்கு பதில் சொல்ல சாய்வு இல்லாமயும், வேற வேற கோணத்துலயும், வேற வேற தடிமன் தகட்டுலயும் வெட்டிப் பாத்து தேதியோட எழுதி வைங்க, அந்த நோட்டுதான் உங்க பலமே. பழைய பேட்டன்ட்களயும் ஒரு தடவ தேடிப் பாத்துடணும், ஆன்லைன்ல ஃப்ரீயாவே தேடலாம், அதுல இதே அமைப்பு இருந்தா மேற்கொண்டு செலவு பண்ணாதீங்க.

அப்படி எதுவும் இல்லனா முதல்ல புரொவிஷனல் அப்ளிகேஷன், அதாவது தற்காலிக விண்ணப்பம் போடுங்க, தேதி உங்க பேர்ல நிக்கும், முழு விவரத்த 12 மாசத்துக்குள்ள குடுக்கணும். டிசைன் ரிஜிஸ்ட்ரேஷன் பண்ணிக்கோங்கனு யாராவது சொன்னா, அது வெளித்தோற்றத்துக்கு மட்டும்தான், ஸ்பிரிங் வேலை செய்யற விதத்த அது காப்பாத்தாது.