முகம் எரியுது, கண் உறுத்துது: ரோசேசியா பற்றி நீங்க கேட்டதுகள்

நிலாவெளியிலிருந்து: வயசு 38. மூக்கும் கன்னமும் சுட்டுக்கொண்டே இருக்கு, சின்னச் சின்னக் கட்டியும் வருது. இந்த வயசில முகப்பருவா டொக்டர்?

தங்கச்சி, இது ரோசேசியாவா இருக்கலாம், முகம் சிவந்து சுட்டு கட்டியும் வாற, கனகாலம் இருக்கிற தோல் வருத்தம். முகப்பரு எண்டா கரும்புள்ளி வெண்புள்ளியும் கூடவே இருக்கும், ரோசேசியாவில அது இருக்காது. போட்டோக்கள்ல வெள்ளைத்தோல் சிவந்திருக்கிறதைப் பார்த்திட்டு 'எனக்கு அப்பிடி இல்லையே' எண்டு கனபேர் விட்டுடுறாங்க, எங்கட நிறத்தில அது மங்கின கபிலமாத்தான் தெரியும், அதால வெயிலுக்க போய் வந்தா கன்னம் கொதிக்குதா, சோப் போட்டா எரியுதா, மூக்கோரத்தில நூல் மாதிரி மெல்லிய நரம்பு ஓடுதா எண்டு பாருங்க. மூட்டுவலி, வாய்ப்புண்ணும் இருந்தா லூபஸுக்கும் (உடம்பின்ட எதிர்ப்புச் சக்தியே உடம்பைத் தாக்கிற வருத்தம்) பார்க்கணும்.

உப்புவெளியிலிருந்து: பார்மசியில வாங்கின கிறீம் பூசினா ரெண்டு நாள்ல குறையுது, விட்டா முந்தியை விடக் கூடுது.

இதைத்தான் கையெடுத்துக் கேக்கிறன், அந்த டியூபைத் திருப்பி வாசியுங்க. பெட்டாமெத்தசோன், குளோபெட்டசோல் எண்டு இருந்தா அது ஸ்டீரொயிட், முகத்துக்குப் பூச வேண்டாம், வெள்ளையாக்கிற கிறீம் சிலதிலயும் அது ஒளிஞ்சிருக்கு. நிப்பாட்டினதும் கொஞ்ச வாரம் மோசமாகும், பயந்துபோய்த் திரும்பப் பூசிறதாலதான் வருசக்கணக்கா இழுபடுது, அந்த நேரம் தோல் டொக்டரோட நில்லுங்க. ரோசேசியாவுக்கெண்டே மெட்ரோனிடசோல் 0.75%, அசெலயிக் அசிட் 15%, ஐவர்மெக்டின் 1% எண்டு பூச்சு மருந்துகள் இருக்கு, ஆனா பலன் தெரிய 2, 3 மாசம் எடுக்கும்.

மூதூரிலிருந்து: இவருக்கு முகத்தில இது இருக்கு, இப்ப கண்ணுக்க மண் விழுந்த மாதிரி உறுத்துது, கண்கட்டியும் அடிக்கடி வருது. கடல் காத்தாலயா?

காத்து கூட்டும் அக்கா, ஆனா ரோசேசியா கண்ணுக்கும் வரும், சிலருக்கு முகத்துக்கு முந்தியே வரும். இமையோரத்தில இருக்கிற எண்ணெய்ச் சுரப்பி அடைபடுறதுதான் விசயம். இளஞ்சூடான துணியை மூடின கண்ணில 5, 10 நிமிசம் வைச்சு, இமையை மெல்லத் தடவி, ஓரத்தைத் துடைச்சு விடுங்க, காலையும் இரவும். தேவையெண்டா டொக்சிசைக்ளின் எண்ட அன்டிபயோட்டிக் குளிசை எழுதித் தருவாங்க, கர்ப்பிணிகளுக்கு அது கூடாது. நோவு, வெளிச்சம் பார்க்கேலாமை, பார்வை மங்கல் வந்தா அண்டைக்கே கண் டொக்டரிட்ட கூட்டிக்கொண்டு போங்க, கருவிழியில புண் வரலாம்.

டவுனிலிருந்து: கொச்சிக்காய் முழுக்க நிப்பாட்டணுமா?

எல்லாருக்கும் இல்ல. எதைச் சாப்பிட்டா முகம் கொதிக்குது எண்டு கொப்பியில எழுதி, அதை மட்டும் விடுங்க. பிளேன்ரீயை ஆறவிட்டுக் குடியுங்க. கன்னியா வெந்நீர்க் கிணத்தில குளிச்சாலும் முகத்தில ஊத்தாதீங்க. சிங்க் ஒக்சைட் உள்ள, எஸ்பிஎப் 30க்குக் குறையாத சன்ஸ்கிறீன் தினமும் போடுங்க, மப்பு நாளிலயும்.