சிந்தாமணியின் குரல் யாருடையது?

கேள்வி: 1937-இல் வந்த 'சிந்தாமணி'யில் தியாகராஜ பாகவதரோடு நடித்த கே. அஸ்வத்தம்மா அதன்பின் தமிழில் ஏன் காணாமல் போனார்? அவருக்கு வேறொருத்தி குரல் கொடுத்தாள் என்றும், பாகவதர்தான் அவரை ஒதுக்கிவிட்டார் என்றும் சொல்கிறார்களே?
– வாசகர், திருச்சி

பதில்: சொல்கிறவர்களிடம் படம் வந்த ஆண்டைக் கேளுங்கள், பாதிப் புகார் அங்கேயே செத்துவிடும். தமிழில் பின்னணிக் குரல் வந்ததே 1938-இல்தான். ஏவி. மெய்யப்பனின் 'நந்தகுமார்' படத்துக்காக லலிதா வெங்கட்ராமன் பாடினார். அதற்கு முந்தைய ஆண்டில் இன்னொருத்தியின் தொண்டையை எங்கே போய் இரவல் வாங்குவது?

அப்போது பாடுவதும் நடிப்பதும் ஒரே நேரத்தில் நடந்தன. ஆர்மோனியமும் தபேலாவும் காமிரா பிடிக்கும் எல்லைக்குச் சற்று வெளியே உட்கார்ந்திருக்கும். மைக் தலைக்கு மேலே தொங்கும். முகத்தைத் திருப்பினால் குரல் தேயும். தூரக் காட்சி என்றால் மைக்கும் தூரப் போக வேண்டும், குரல் மெலிந்துவிடும். அந்தக் காலப் படங்களில் பாடுகிறவர்கள் நட்டுவைத்த மரம்போல நிற்பதற்கு இதுதான் காரணம்; நடிக்கத் தெரியாததால் அல்ல. நடுவில் யாராவது இருமினாலும் பிலிம் வீண். 35 மி.மீ. பேசும்பட பிலிம் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். நாலு நிமிடப் பாட்டு கடைசி அடியில் கெட்டால் 360 அடி குப்பைக்கு. ஆகவே முதலாளிகள் முகத்துக்கு முன்னால் சாரீரத்தைப் பார்த்தார்கள். கன்னட நாடக மேடையில் பாடிப் பழகி, 1935-இல் கன்னட 'சதாரமே'யிலும் நடித்த அஸ்வத்தம்மா தமிழுக்கு வந்தது அந்தத் தகுதியில்தான். 'சிந்தாமணி'க்குப் பாபநாசம் சிவன் எழுதிய பாட்டுகளில் தன் பங்கை அவர் தன் வாயால்தான் பாடினார்.

ஒதுக்கிய கதைக்கு வருவோம். 'சிந்தாமணி'க்குப் பிறகு அதே 1937-இல் பாகவதர் 'அம்பிகாபதி'யில் நடித்தார், ஜோடி எம்.ஆர். சந்தானலட்சுமி. ஒரு படத்தில் ஜோடி மாறியதை ஒதுக்கியதற்குச் சாட்சியாகக் கொண்டால், தமிழ்நாட்டில் ஒதுக்கப்படாத நடிகையே இருக்க முடியாது. ஒதுக்கப்பட்டவர் என்று நீங்கள் கேள்விப்பட்ட இதே அஸ்வத்தம்மாவை நம்பி 1939-இல் 'சாந்த சக்குபாய்' எடுத்தார்கள், சுந்தர்ராவ் நட்கர்னி இயக்கத்தில். தலைப்பே அவர் ஏற்ற பாத்திரத்தின் பெயர்! அதன்பின் தொடராததற்குப் பாகவதரைத் தேட வேண்டாம். காசநோய் அஸ்வத்தம்மாவை இளம் வயதிலேயே கொண்டுபோனது. அந்நோய்க்கு மருந்தான ஸ்ட்ரெப்டோமைசின் கண்டுபிடிக்கப்பட்டதே 1943-இல். நம் ஊர் நோயாளிக்கு அது எட்ட மேலும் பல ஆண்டுகள் ஆயின.

அவரை ஊர் மறந்ததற்குக் காரணம் வேறு. 'சிந்தாமணி' ஓராண்டுக்கு மேல் ஓடிய படம். தயாரித்த மதுரை ராயல் டாக்கீஸ், வந்த லாபத்தில் 'சிந்தாமணி' என்றே ஒரு தியேட்டர் கட்டியது. இன்று கையில் பிரதி இல்லை. அக்கால நைட்ரேட் பிலிம் வெப்பத்தில் பிசுபிசுத்துப் பொடியாகும், எளிதில் தீப்பிடிக்கும். தப்பியதையும் பிலிமில் இருக்கும் வெள்ளிக்காகக் கரைத்தார்கள். புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகம் தொடங்கியது 1964-இல். பாகவதருக்கோ அதற்குப் பிந்தைய படங்களும் இருந்தன, பிழைத்தார். அஸ்வத்தம்மாவுக்குத் தமிழில் இருந்தவை இரண்டு.

'அவர் குரல்' என்று இணையத்தில் யாராவது பாட்டைப் போட்டால் உடனே உருகிவிடாதீர்கள். முதலில் இசைத்தட்டு லேபிளின் புகைப்படத்தைக் கேளுங்கள். பாடியவர் பெயர் அதில் இருக்கும். 10 அங்குலத் தட்டில் ஒரு பக்கம் சுமார் 3 நிமிடம்தான் கொள்ளும் என்பதால் படப் பாட்டைச் சுருக்கித் தனியாகப் பாடிப் பதிவார்கள், சில சமயம் வேறு ஆளை வைத்தே. அடுத்து வேகம்: நிமிடத்துக்கு 78 சுற்றில் ஓட வேண்டிய தட்டை 6 விழுக்காடு கூட்டி ஓட்டினால் சுருதி அரைக் கட்டை ஏறிவிடும், நடுவயதுக்காரி சிறுமியாகிவிடுவாள். படத்தின் பாட்டுப் புத்தகம் கிடைத்தால் எந்தப் பாத்திரம் எந்தப் பாட்டைப் பாடுகிறது என்று அதில் பாருங்கள். பிறகு எழுதுங்கள், புகாரை அப்போது பேசிக்கொள்ளலாம்.