செர்னோபில் தொடரின் முதல் எபிசோடில் ஒன்றும் புரியவில்லை, ஒரே இருட்டு. தொடர்ந்து பார்க்கலாமா?

தாராளமாகப் பாருங்கள். புரியாமல் போனது உங்கள் குறை இல்லை, அந்த எபிசோடை எடுத்ததே அப்படித்தான். 1986 ஏப்ரல் 26 அதிகாலையில் சோவியத் யூனியனின் செர்னோபில் அணு உலை ஏன் வெடித்தது என்பதை ஐந்தாவது எபிசோடில், நீதிமன்றத்தில் வைத்துத்தான் விளக்குவார்கள். முதல் எபிசோடில் கண்ட்ரோல் ரூமில் நிற்பவர்களுக்கே என்ன ஆயிற்று என்று தெரியாது. வெடிப்பைக்கூடத் தூரத்தில் ஒரு வீட்டு ஜன்னல் வழியாகத்தான் காட்டுகிறார்கள்.

நான் நாகர்கோவிலில் எக்ஸ்ரே டெக்னீஷியன். சட்டையில் கதிர்வீச்சு அளக்கும் பேட்ஜ் குத்தியிருப்போம், மூன்று மாதத்துக்கு ஒருமுறை அளவு பார்க்க அனுப்புவோம். அதனாலோ என்னவோ, வெடிப்பைவிட '3.6 ரான்ட்ஜன்' என்ற கதிர்வீச்சு அளவுதான் என் வயிற்றைக் கலக்கியது. அங்கே அவர்கள் கையில் இருக்கும் கருவி அதற்கு மேல் காட்டவே காட்டாது. முள் உச்சத்தில் முட்டிக்கொண்டு நிற்கிறது, அதையே அளவு என்று மேலிடத்துக்குச் சொல்லிவிடுகிறார்கள். பெட்டகத்தில் இருந்த பெரிய கருவியை எடுத்துப் போட்டால் போட்டவுடன் எரிந்துபோகிறது. தீயணைப்புப் படையிடமிருந்து வந்தது 200 வரை காட்டும், அதுவும் உச்சத்தில் நிற்கிறது. உடனே கருவிதான் கோளாறு என்கிறார்கள்!

அன்றிரவு கண்ட்ரோல் ரூமுக்குப் பொறுப்பாக இருந்த தியாத்லவ் நடந்து போகும்போது உடைந்த ஜன்னல் வழியாகக் கீழே பார்க்கிற இடத்தைக் கவனித்தீர்களா? தரையெல்லாம் கிராஃபைட் துண்டுகள். உலைக்குள் இருக்க வேண்டியவை. ஒரு நொடி பார்த்துவிட்டுப் பேசாமல் நடந்துவிடுவார். அப்புறம் கூட்டத்தில் சிட்னிக்கவ் என்ற இன்ஜினீயர் கிராஃபைட்டைப் பார்த்தேன் என்றதும், நீ பார்க்கவில்லை என்று கத்துவதும் இதே ஆள்தான். கடைசியில் அந்த சிட்னிக்கவையே கூரைக்குப் போய்ப் பார்க்கச் சொல்கிறார்கள். கூட இருந்து பார்த்த அம்மா, "அதான் அவன் பாத்துட்டு வந்து சொல்லியாச்சே மக்கா, பெறவு எதுக்கு அவன மேல அனுப்புதான்?" என்றாள். இதைவிடச் சரியாக நான் விமர்சனம் எழுதிவிட முடியாது.

ஊர்க்காரர்கள் பாலத்தில் நின்று குழந்தைகளோடு தீயை வேடிக்கை பார்க்கும் காட்சியை மட்டும் கொஞ்சம் தள்ளியே வையுங்கள். அங்கே நின்ற அத்தனை பேரும் செத்துப்போனார்கள் என்பதற்கு உறுதியான ஆதாரம் கிடையாது.

எங்கள் பக்கத்தில் இதைப் பார்ப்பவர்கள் அடுத்து கேட்பது கூடங்குளம்தான். மாவட்டம் திருநெல்வேலி என்றாலும் கன்னியாகுமரிக்குப் பக்கம். அதற்கு அன்றைய சோவியத் யூனியனோடு ஒப்பந்தம் போட்டது 1988-ல், தொடரின் முதல் காட்சியில், விபத்தை ஆராய்ந்த விஞ்ஞானி லெகசவ் தூக்கு மாட்டிக்கொள்கிற அதே வருடம். ஆனால் உலை வேறு வகை. செர்னோபிலில் அணுவைப் பிளக்கும் நியூட்ரான் துகள்களின் வேகத்தைக் குறைக்க கிராஃபைட், கூடங்குளத்தில் தண்ணீர். சுற்றிக் கனமான கான்கிரீட் கூடும் உண்டு, செர்னோபிலில் அப்படி ஒன்று இல்லை. அதனால் பயமே வேண்டாம் என்று சொல்ல வரவில்லை, இரண்டையும் ஒன்றாக்கிக் குழப்பிக்கொள்ள வேண்டாம் என்கிறேன். மணவாளக்குறிச்சிக் கருமணலில் தோரியம் இருக்கிறதே என்றும் கேட்பார்கள். அது மண்ணிலேயே இருக்கும் இயற்கைக் கதிர்வீச்சு, தனிக் கதை.

இரண்டாவது எபிசோடில் லெகசவ் அந்த 3.6-ஐ எக்ஸ்ரே கணக்கில் சொல்வார், அதுவரை பார்த்துவிட்டு முடிவு பண்ணுங்கள். மூன்றாவதில் மருத்துவமனைக் காட்சிகள் வரும், சாப்பிட்டுக்கொண்டே பார்க்காதீர்கள்.