முக்கால் மணி நேரம்

வணக்கம் சார்,

நகரத்தில் ரொம்பவும் ஏழ்மையான ஒரு பகுதிப் பள்ளியில் இரண்டாம் வகுப்பு எடுக்கிறேன். காலையில் முக்கால் மணி நேரம் வேறு வேலைகளிலேயே போய்விடுகிறது. தாமதமாக வருகிறவர்கள், பென்சில் இல்லாதவன், மூக்கொழுக நிற்பவள், முதல் பீரியடிலேயே தூங்கிவிடுபவன். நான் பாடம் நடத்துவது எப்போது?

(பெயர் வெளியிட வேண்டாம்)

அன்புள்ள ஆசிரியருக்கு,

மூக்கிலிருந்தே தொடங்குகிறேன். 1907 ஜனவரியில் ரோம் நகரின் சான் லொரென்சோ என்ற ஏழைக் குடியிருப்பில் கல்வியாளர் மரியா மாண்டிசோரி ‘குழந்தைகள் இல்லம்’ என்ற தன் முதல் பள்ளியைத் திறந்தார். பெற்றோர் வேலைக்குப் போனதும் பிள்ளைகள் கட்டிடத்தைப் பாழாக்குகிறார்கள் என்று உரிமையாளர்கள் ஒதுக்கிக் கொடுத்த இடம் அது. சுவரைக் காப்பாற்றத்தான் பள்ளியே வந்தது! அங்கே ஒருநாள் மூக்குச் சிந்துவதைப் பாடமாகவே நடத்தினார். கைக்குட்டையை எப்படிப் பிடிப்பது, சத்தமில்லாமல் எப்படிச் சிந்துவது என்று செய்து காட்டினார். ஒரு பிள்ளையும் சிரிக்கவில்லை. முடிந்ததும் கைதட்டினார்கள். அதுவரை மூக்குக்காகத் திட்டு வாங்கியிருந்தார்களே தவிர, யாரும் சொல்லிக்கொடுத்ததில்லை.

உங்கள் முக்கால் மணியிலும் இப்படி நடத்த நிறைய இருக்கிறது. பென்சில் சின்ன விஷயம். ஒரு டப்பாவில் பத்துப் போட்டு வையுங்கள், விசாரணை வேண்டாம். தாமதத்துக்கு ஏழு வயதுப் பிள்ளையைக் கேட்டு என்ன பயன்? வாசலில் நிறுத்தினால் இன்னும் பத்து நிமிடம் போகும், அவ்வளவுதான். தூங்குகிறவன் கொஞ்சம் தூங்கட்டும். அப்புறம், இரவு வீட்டில் எத்தனை மணிக்கு விளக்கணைக்கிறார்கள் என்று பெற்றோரிடம் பேசிப் பாருங்கள்.

ஆனால் எல்லாவற்றையும் உங்கள் தலையில் போட்டுக்கொள்ளாதீர்கள். நியூயார்க்கில் மேம்பால ரயில் பாதையை ஒட்டிய ஒரு பள்ளியைப் பற்றி உளவியலாளர் ஆர்லின் பிரான்சாஃப்ட் செய்த ஆய்வு 1975இல் வந்தது. ரயில் பக்கத்து வகுப்புப் பிள்ளைகள், அதே கட்டிடத்தின் மறுபக்கத்துப் பிள்ளைகளைவிட வாசிப்பில் பின்தங்கியிருந்தார்கள். தண்டவாளத்துக்கு அடியில் ரப்பர் வைத்து, வகுப்புக் கூரையில் ஒலியை உறிஞ்சும் பலகை பொருத்திய பிறகு அந்த வித்தியாசம் போய்விட்டது. அதற்குமுன் எத்தனை ஆசிரியர்கள் தங்களையும் பிள்ளைகளையும் நொந்துகொண்டிருப்பார்களோ.

உங்கள் வகுப்பு எந்தப் பக்கம் இருக்கிறது? சாலைப் பக்கம் என்றால் தலைமையாசிரியரிடம் அறையை மாற்றிக் கேளுங்கள். ‘பிள்ளைகள் கவனிப்பதில்லை’ என்று மட்டும் ஆரம்பித்துவிடாதீர்கள். கடைசி வரிசைக்கு உங்கள் குரல் எட்டவில்லை என்று சொல்லுங்கள். முடிந்தால் அவரையே வந்து கொஞ்ச நேரம் அங்கே உட்கார்ந்து பார்க்கச் சொல்லுங்கள்.